நாற்காலி, சாவி, கையெழுத்து

ஊராட்சி மன்ற அலுவலகங்கள் பலவற்றில் சுவரில் ஒரு பெயர்ப்பலகை மாட்டியிருக்கும். இதுவரை தலைவராக இருந்தவர்களின் பெயர்களும், அவர்கள் பதவி வகித்த ஆண்டுகளும் அதில் வரிசையாக எழுதப்பட்டிருக்கும். மதுரை மாவட்டத்தின் பாப்பாபட்டி, கீரிப்பட்டி, நாட்டார்மங்கலம், விருதுநகர் மாவட்டத்தின் கொட்டகச்சியேந்தல் ஆகிய நான்கு ஊராட்சிகளுக்கும் அப்படி ஒரு பட்டியலை எழுத உட்கார்ந்தால், 1996க்கும் 2006க்கும் நடுவில் பேனா நின்றுவிடும். அந்தப் பத்து ஆண்டுகளில் அங்கே பொறுப்பில் நிலைத்த தலைவர் ஒருவரும் இல்லை.

வெள்ளத்தாலோ வறட்சியாலோ தேர்தல் தள்ளிப்போகவில்லை. வாக்காளர் பட்டியல் தயாராக இருந்தது. தேர்தல் அறிவிப்பும் திரும்பத் திரும்ப வந்தது. அந்த ஊராட்சிகளின் தலைவர் பதவி பட்டியல் சாதியினருக்கு ஒதுக்கப்பட்டிருந்தது. அதை ஏற்க ஊரில் ஆதிக்கம் செலுத்தியவர்களுக்கு மனமில்லை. காரணம் இவ்வளவுதான்.

மக்களாட்சி என்றால் மக்களால் மக்களுக்காக நடத்தப்படும் ஆட்சி என்று பள்ளிக்கூடத்தில் படித்திருக்கிறோம். தேர்வில் எழுதி மதிப்பெண்ணும் வாங்கியிருக்கிறோம். அந்தச் சொல் புத்தகத்திலிருந்து இறங்கி ஊருக்குள் நடந்து வரும்போது அதற்கு என்ன நேர்கிறது என்பதை இந்த நான்கு ஊர்களும், மேலூர் அருகே உள்ள மேலவளவும் நமக்குக் காட்டுகின்றன. வாக்குச்சீட்டு ஒருவருக்குப் பதவியைத் தரும். அந்தப் பதவி அதிகாரமாக மாற வேண்டுமானால், உட்கார ஒரு நாற்காலியும், அலுவலகக் கதவைத் திறக்க ஒரு சாவியும், காசோலையில் போடும் கையெழுத்துக்கு மதிப்பும் வேண்டும். அங்கேதான் போராட்டம் இன்றுவரை நடக்கிறது.

சட்டம் திறந்த கதவு

கிராமத்தைப் பற்றி அம்பேத்கருக்கு இனிமையான கற்பனைகள் இருந்ததில்லை. 1948 நவம்பர் 4 அன்று அரசமைப்பு வரைவை அவையில் வைத்துப் பேசியபோது, கிராமத்தைக் குடியரசாகப் போற்றியவர்களை அவர் கடுமையாக விமர்சித்தார். அங்கே சாதியும் அறியாமையும் ஆட்சி செய்வதை அவர் அறிந்திருந்தார். பலரின் வற்புறுத்தலுக்குப் பிறகுதான், ஊராட்சிகளை அமைக்க அரசு முயல வேண்டும் என்ற 40ஆவது பிரிவு வழிகாட்டு நெறியாகச் சேர்க்கப்பட்டது.

அந்த நெறி கட்டாயச் சட்டமாக மாற நாற்பது ஆண்டுகளுக்கு மேல் ஆனது. 1992 இல் நாடாளுமன்றம் நிறைவேற்றிய 73ஆவது அரசமைப்புத் திருத்தம், 1993 ஏப்ரல் 24 அன்று நடைமுறைக்கு வந்தது. ஊராட்சிகளுக்கு ஐந்து ஆண்டுகளுக்கு ஒருமுறை தேர்தல் நடத்த வேண்டும் என்றது அது. பட்டியல் சாதியினருக்கும் பழங்குடியினருக்கும் மக்கள்தொகை விகிதப்படி உறுப்பினர் இடங்களை மட்டுமல்லாமல் தலைவர் பதவிகளையும் சுழற்சி முறையில் ஒதுக்க வேண்டும் என்று 243-டி பிரிவு சொன்னது. பெண்களுக்குக் குறைந்தது மூன்றில் ஒரு பங்கு இடம் என்றும் சொன்னது. தமிழ்நாடு அதை 2016 இல் 50 சதவீதமாக உயர்த்திச் சட்டம் இயற்றியது.

இதில் 'சுழற்சி' என்ற சொல்லைக் கவனிக்க வேண்டும். எந்த ஊரும் தன்னை விலக்கிக்கொள்ள முடியாது என்பது அதன் பொருள். தலைமுறை தலைமுறையாக ஒரே குடும்பமோ ஒரே சாதியோ வைத்திருந்த நாற்காலி, ஒரு நாள் சேரியில் வாழும் ஒருவருக்கு வந்தே தீரும். கிராமத்தைப் பற்றி அம்பேத்கருக்கு இருந்த அச்சத்துக்கு அரசமைப்பு சொன்ன பதில் இது என்றே எடுத்துக்கொள்ளலாம். ஊரை நம்பி அதிகாரத்தைக் கொடுத்தது, கூடவே அந்த அதிகாரம் ஒரே கையில் தேங்காமல் இருக்க ஒரு மடையையும் வைத்தது.

இதை ஒட்டித் தமிழ்நாடு ஊராட்சிகள் சட்டம் 1994 இல் வந்தது. அதன்படி முதல் தேர்தல் 1996 அக்டோபரில் அறிவிக்கப்பட்டது. கதவு திறந்த அன்றே அதை மூடும் முயற்சிகளும் தொடங்கின.

பத்தாண்டு அடைப்பு

நான்கு ஊராட்சிகளிலும் தேர்தல் எப்படித் தடுக்கப்பட்டது என்பதை மாணவர்கள் தெரிந்துகொள்வது நல்லது. பெரும்பாலும் அங்கே துப்பாக்கியோ கலவரமோ தேவைப்படவில்லை.

முதல் வழி, யாரும் வேட்புமனு தாக்கல் செய்யாமல் பார்த்துக்கொள்வது. நிலம் யாரிடம் இருக்கிறதோ அவரிடம்தான் கூலி வேலை. மாட்டுக்குப் புல் அறுக்கவும், வயல் வரப்பில் நடக்கவும், அவசரத்துக்குக் கைமாற்று வாங்கவும் அவர்களைத்தான் அண்டியிருக்க வேண்டும். இப்படி வாழும் குடும்பத்துக்கு, 'மனுப் போட்டால் நாளையிலிருந்து வேலை கிடையாது' என்ற ஒரு வார்த்தையே போதும். ஊர்க்கட்டுப்பாடு என்று அதற்குப் பெயர்.

இரண்டாவது வழி இன்னும் தந்திரமானது. தங்கள் பேச்சைக் கேட்கும் தலித் ஒருவரைத் தாங்களே நிறுத்துவார்கள். ஊர் முழுவதும் அவருக்கே வாக்களிக்கும். துணிந்து போட்டியிட்ட வேறு தலித் வேட்பாளர் தோற்பார். வென்றவர் பதவியேற்ற கையோடு விலகல் கடிதம் கொடுப்பார். மறுபடி இடைத்தேர்தல், மறுபடி அதே நாடகம். வாக்குப்பதிவு நடந்திருக்கும், எண்ணிக்கை நடந்திருக்கும், சான்றிதழும் வழங்கப்பட்டிருக்கும். தாளில் பார்த்தால் எல்லாம் முறைப்படி நடந்ததாகவே தெரியும். ஆனால் ஊராட்சிக்குத் தலைவர் இருக்கமாட்டார்.

தேர்தல் என்ற சடங்கை நடத்துவதும் மக்களாட்சியை நடத்துவதும் வேறு வேறு என்பதற்கு இதைவிடத் தெளிவான சான்று தேவையில்லை. தன் விருப்பப்படி மனுப் போட முடியாதவருக்கும், வென்ற பதவியில் உட்கார முடியாதவருக்கும் வாக்குச்சீட்டு வெறும் காகிதம்தான்.

இதில் இன்னொரு உண்மையும் உண்டு. தேர்ந்தெடுக்கப்பட்ட தலைவர் இல்லாததால் நிர்வாகம் அதிகாரிகளின் கைக்குப் போனது. தெருவிளக்கு எரியவில்லை, குழாயில் தண்ணீர் வரவில்லை என்றால் முறையிட ஊருக்குள் ஆள் இல்லை. அந்த இருட்டும் தாகமும் சாதி பார்த்து வருவதில்லை. தலித் ஒருவர் தலைவராகக் கூடாது என்பதற்காகத் தங்கள் பிள்ளைகளின் சாலையையும் குடிநீரையும் சேர்த்தே பணயம் வைத்தார்கள்.

மேலவளவு கொடுத்த விலை

அதே 1996 இல், மேலூர் வட்டத்தில் உள்ள மேலவளவு ஊராட்சியும் பட்டியல் சாதியினருக்கு ஒதுக்கப்பட்டது. அங்கே மனுத் தாக்கல் செய்தவர்கள் மிரட்டப்பட்டு, முதல் முறை தேர்தல் நடக்கவில்லை. அடுத்த முறை வாக்குச்சாவடிக்குள் புகுந்து வாக்குப்பெட்டிகள் பறிக்கப்பட்டன. மூன்றாவது முறையாக 1996 டிசம்பர் 31 அன்று காவல்துறைப் பாதுகாப்புடன் நடந்த தேர்தலில் முருகேசன் தலைவராகத் தேர்ந்தெடுக்கப்பட்டார்.

பதவி கிடைத்தது. அலுவலகத்துக்குள் போய் இயல்பாக வேலை பார்க்க அவரால் முடியவில்லை. மிரட்டல் தொடர்ந்தது. 1997 ஜூன் 30 அன்று மதுரை மாவட்ட ஆட்சியர் அலுவலகத்துக்குப் போய்விட்டுப் பேருந்தில் ஊர் திரும்பிக்கொண்டிருந்தபோது, முருகேசனும் துணைத் தலைவர் மூக்கன் உள்ளிட்ட ஐந்து பேரும் வெட்டிக் கொல்லப்பட்டார்கள். பட்டப்பகலில், பயணிகள் இருந்த பேருந்தை மறித்து இது நடந்தது.

2001 இல் சேலம் அமர்வு நீதிமன்றம் 17 பேருக்கு ஆயுள் தண்டனை விதித்தது. சென்னை உயர் நீதிமன்றமும் உச்ச நீதிமன்றமும் அதை உறுதி செய்தன. 2019 நவம்பரில் அவர்களில் 13 பேர் தண்டனைக் காலம் முடியும் முன்பே விடுவிக்கப்பட்டபோது, அதற்கு எதிராகக் குரல்கள் எழுந்தன. ஒவ்வோர் ஆண்டும் ஜூன் 30 அன்று மேலவளவு நினைவிடத்தில் மக்கள் கூடுகிறார்கள்.

முருகேசன் கேட்டது என்ன? புதிதாக ஒரு சட்டம் கேட்கவில்லை. நாடாளுமன்றம் ஏற்கெனவே இயற்றிய சட்டத்தைத் தன் ஊரில் நடைமுறைப்படுத்தத் தன் பெயரைக் கொடுத்தார். அந்த ஒரு கையெழுத்துக்கு ஆறு உயிர்கள் போயின. பாப்பாபட்டியிலும் கீரிப்பட்டியிலும் மனுப் போடத் தயங்கியவர்களைக் கோழைகள் என்று சொல்லிவிட்டுப் போக முடியாததற்கு இதுவே காரணம். மேலவளவில் நடந்ததை அவர்களும் அறிந்திருந்தார்கள்.

2006: பூட்டு எப்படித் திறந்தது

2006 அக்டோபரில் நடந்த உள்ளாட்சித் தேர்தலில் நான்கு ஊராட்சிகளிலும் தலைவர்கள் தேர்ந்தெடுக்கப்பட்டுப் பொறுப்பில் நிலைத்தார்கள். அதே ஊர், அதே சட்டம், அதே வாக்காளர்கள். மாறியது எது?

தலித் அமைப்புகளும் இடதுசாரிக் கட்சிகளும் பத்தாண்டுகளாக இந்தப் பிரச்சினையை ஓயவிடாமல் பேசிக்கொண்டே இருந்தன. தமிழ்நாட்டில் எங்கு ஊராட்சி பற்றிப் பேச்சு வந்தாலும் இந்த நான்கு பெயர்களும் உடன் வந்தன. அது ஊருக்கே தலைகுனிவாக மாறியது. அப்போது புதிதாகப் பொறுப்பேற்றிருந்த மாநில அரசு, இந்த முறை தேர்தல் நடந்தே தீர வேண்டும் என்று முடிவெடுத்தது. மதுரை மாவட்ட ஆட்சியராக இருந்த த. உதயச்சந்திரன் ஊர் மக்களுடன் திரும்பத் திரும்பப் பேசினார். அரசு உறுதியாக இருக்கிறது என்பது ஊருக்குத் தெரிந்தது. ஆதரவு இருக்கிறது என்பது சேரிக்கும் தெரிந்தது.

2006 நவம்பரில் சென்னையில் 'சமத்துவப் பெருவிழா' என்ற பெயரில் விழா எடுத்து, அந்த நான்கு தலைவர்களையும் முதலமைச்சர் மு. கருணாநிதி பாராட்டினார். பதினைந்து ஆண்டுகள் கழித்து, 2021 அக்டோபர் 2 அன்று பாப்பாபட்டியில் நடந்த கிராம சபைக் கூட்டத்தில் முதலமைச்சர் மு.க. ஸ்டாலின் கலந்துகொண்டார். ஒரு காலத்தில் தேர்தலே நடக்காத ஊரில் கிராம சபை கூடியது என்பது சிறிய செய்தி அல்ல.

இதிலிருந்து நாம் எடுத்துக்கொள்ள வேண்டிய பாடம் ஒன்று உண்டு. சாதி மனநிலை மாறட்டும், பிறகு தேர்தல் வைத்துக்கொள்ளலாம் என்று காத்திருந்தால் இன்னும் ஐம்பது ஆண்டுகள் போயிருக்கும். அரசும் இயக்கங்களும் உறுதி காட்டியபோது தேர்தல் நடந்தது. தலித் தலைவர் ஒருவர் உட்கார்ந்து வேலை பார்ப்பதை ஊர் கண்ணால் கண்ட பிறகுதான் மனங்கள் மெல்ல அசையத் தொடங்கின. நடைமுறை முன்னே போனால் மனம் பின்னே வரும்.

வென்ற பிறகு வரும் தேர்வு

தேர்தல் நடந்துவிட்டால் கதை முடிந்துவிடுகிறதா? 2019 டிசம்பர் ஊரகத் தேர்தலுக்குப் பிறகு வெளிவந்த செய்திகள் இல்லை என்கின்றன.

கடலூர் மாவட்டம் தெற்குத்திட்டை ஊராட்சியில், தலைவரான தலித் பெண் மன்றக் கூட்டத்தில் தரையில் உட்கார்ந்திருக்க, மற்ற உறுப்பினர்கள் நாற்காலியில் அமர்ந்திருக்கும் படம் 2020 அக்டோபரில் வெளியானது. மாநிலமே அதைப் பார்த்தது. வன்கொடுமைத் தடுப்புச் சட்டத்தில் வழக்குப் பதிவானது.

அதே ஆண்டு சுதந்திர தினத்தன்று, திருவள்ளூர் மாவட்டம் ஆத்துப்பாக்கம் ஊராட்சியின் தலைவரான தலித் பெண் தேசியக் கொடியை ஏற்றவிடாமல் தடுக்கப்பட்டார். செய்தி வெளியான பிறகு, சில நாட்களில் மாவட்ட ஆட்சியர் முன்னிலையில் அவரே கொடியேற்றினார். பின்னர் 2022 ஆகஸ்டில், சுதந்திர தினத்துக்கு முன்பாக, ஊராட்சித் தலைவர்கள் சாதிப் பாகுபாடின்றிக் கொடியேற்றுவதை உறுதி செய்யுமாறு மாவட்ட ஆட்சியர்களுக்குத் தலைமைச் செயலாளரே கடிதம் எழுத வேண்டியிருந்தது.

திருநெல்வேலி மாவட்டம் தாழையூத்து ஊராட்சித் தலைவராக இருந்த கிருஷ்ணவேணி, 2011 ஜூனில் அரிவாளால் வெட்டப்பட்டார். பெண்களுக்கான பொதுக் கழிப்பறை கட்ட அவர் எடுத்த முயற்சியும் அந்தப் பகைக்கு ஒரு காரணம். உயிர் பிழைத்தார். குற்றவாளிகளுக்கு ஆயுள் தண்டனை கிடைத்தது 2024 இல். பதின்மூன்று ஆண்டுகள் அவர் காத்திருக்க வேண்டியிருந்தது.

இவை செய்தியில் வந்தவை. செய்தியில் வராதவை அன்றாடம் நடக்கின்றன. முந்தைய தலைவரை 'தலைவரே, வாங்க' என்று அழைத்தவர்கள், இவரை வயதுக்குக்கூட மதிப்புத் தராமல் பெயர் சொல்லி 'வா, போ' என்கிறார்கள். அலுவலகச் சாவி வேறு யார் வீட்டிலோ தொங்கும். தீர்மானப் பதிவேடு எழுதப்பட்டுக் கையெழுத்துக்கு மட்டும் தலைவர் வீட்டுக்கு வரும். அதில் என்ன எழுதியிருக்கிறது என்று கேட்டால், 'நீ படித்து என்ன செய்யப்போகிறாய்' என்று பதில் வரும். பெண் தலைவராக இருந்தால் இந்தச் சுமை இரண்டு மடங்கு. சாதியும் தடுக்கும், வீட்டு ஆண்களும் தடுப்பார்கள்.

காசோலையில் இரண்டு கையெழுத்து

இவற்றுக்கு நடுவில் அதிகம் பேசப்படாத ஒரு நிர்வாக முடிச்சு இருக்கிறது. தமிழ்நாட்டில் ஊராட்சியின் பணத்தை எடுக்கத் தலைவரும் துணைத் தலைவரும் சேர்ந்து ஒப்புதல் தர வேண்டும். தலைவரை மக்கள் நேரடியாகத் தேர்ந்தெடுக்கிறார்கள், அந்தப் பதவிக்கு இடஒதுக்கீடு உண்டு. துணைத் தலைவரை வார்டு உறுப்பினர்கள் தங்களுக்குள் தேர்ந்தெடுக்கிறார்கள். அந்தப் பதவிக்கு இடஒதுக்கீடு கிடையாது.

பணம் ஒருவர் கையில் மட்டும் இருக்கக் கூடாது என்ற நல்ல நோக்கத்தில் வந்த ஏற்பாடு இது. தலித் தலைவர் இருக்கும் ஊரில் அது கடிவாளமாக மாறிவிடுகிறது. வார்டு உறுப்பினர்களில் பெரும்பான்மை உள்ள சாதி துணைத் தலைவர் பதவியைப் பிடித்துக்கொள்ளும். அவர் கையெழுத்துப் போட மறுத்தால் குழாய் உடைந்ததைச் சரி செய்யவும், தெருவிளக்குக்கு பல்பு வாங்கவும், தூய்மைப் பணியாளருக்குக் கூலி கொடுக்கவும் முடியாது. பிறகு 'இவர் தலைவராகி என்ன செய்தார்' என்ற கேள்வியும் அவர்களிடமிருந்தே வரும். கையைக் கட்டிவிட்டு, ஏன் நீந்தவில்லை என்று கேட்பது போன்றது இது.

இன்னொன்றும் உண்டு. முறைகேடு செய்யும் தலைவரை நீக்க ஊராட்சிகள் சட்டத்தின் 205ஆவது பிரிவு மாவட்ட ஆட்சியருக்கு அதிகாரம் தருகிறது. தவறு செய்தவர் எந்தச் சாதியானாலும் நடவடிக்கை வேண்டும், அதில் இரண்டாம் பேச்சு இல்லை. ஆனால் ஒத்துழைக்க மறுத்த உறுப்பினர்களே புகார்தாரர்களாக வரும்போது, கணக்கில் குறை இருக்கிறதா, கணக்கு எழுதவே விடவில்லையா என்று பார்க்க வேண்டிய பொறுப்பு அதிகாரிகளுக்கு இருக்கிறது. பயிற்சி இல்லாமல், பதிவேடு கையில் தரப்படாமல் இருந்த தலைவரையும், தெரிந்தே கையாடல் செய்தவரையும் ஒரே தராசில் நிறுப்பது நியாயம் ஆகாது.

கையில் இருக்கும் சட்டங்கள்

பொதுச்சாலையில் நடக்கவும் பொதுக்கிணற்றில் நீர் எடுக்கவும் எல்லோருக்கும் உரிமை உண்டு என்ற தீர்மானத்தை இரட்டைமலை சீனிவாசன் சென்னை மாகாணச் சட்டமன்றத்தில் கொண்டுவந்தது 1924 இல். நூறு ஆண்டுகள் ஆகிவிட்டன. உரிமை தாளில் இருந்து தெருவுக்கு வர எவ்வளவு காலமும் எத்தனை பேரின் உழைப்பும் தேவைப்படுகிறது என்பதை அந்த ஆண்டு நினைவூட்டும். ஆகவே இருக்கும் சட்டத்தை அறிந்து வைத்திருப்பதும் போராட்டத்தில் ஒரு பகுதிதான்.

2015 இல் திருத்தப்பட்டு 2016 ஜனவரி 26 முதல் நடைமுறையில் உள்ள வன்கொடுமைத் தடுப்புச் சட்டம், உள்ளாட்சி பற்றித் தெளிவாகப் பேசுகிறது. பட்டியல் சாதி அல்லது பழங்குடியைச் சேர்ந்த ஒருவரை வாக்களிக்கவிடாமல் தடுப்பதும், குறிப்பிட்டவருக்கே வாக்களிக்க மிரட்டுவதும், வேட்புமனு தாக்கல் செய்யவிடாமல் தடுப்பதும், தாக்கல் செய்த மனுவைத் திரும்பப் பெறவைப்பதும் குற்றம். தேர்ந்தெடுக்கப்பட்ட உறுப்பினரோ தலைவரோ தம் கடமையைச் செய்யவிடாமல் தடுப்பதும் குற்றம். தேர்தலுக்குப் பிறகு பழிவாங்கும் நோக்கில் தாக்குவதும், ஊர் விலக்கம் செய்வதும், வேலை தராமல் ஒதுக்குவதும் குற்றமே.

பாப்பாபட்டியில் பத்தாண்டுகள் நடந்ததையும் மேலவளவில் நடந்ததையும் எண்ணிப் பார்த்தால், இந்தப் பிரிவுகள் ஒவ்வொன்றுக்கும் பின்னால் ஓர் ஊர் நிற்பது தெரியும். நாற்காலி மறுக்கப்பட்டால், சாவி மறுக்கப்பட்டால், கொடிக்கயிறு கையிலிருந்து பிடுங்கப்பட்டால் அது 'ஊர் வழக்கம்' ஆகாது. புகார் கொடுக்கத்தக்க குற்றம். புகாரை எழுத்தில் கொடுத்து, பெற்றுக்கொண்டதற்கான ரசீதைக் கேட்டு வாங்க வேண்டும். நகலை மாவட்ட ஆட்சியருக்கும் காவல் கண்காணிப்பாளருக்கும் அனுப்ப வேண்டும்.

கிராம சபையில் நம் நாற்காலி

தலைவர் ஒருவர் தனியாக நின்று இந்தச் சுவரைத் தள்ள முடியாது. அவருக்குப் பின்னால் கூட்டம் வேண்டும். அந்தக் கூட்டத்துக்குச் சட்டம் கொடுத்த பெயர் கிராம சபை. ஊராட்சியின் வாக்காளர் பட்டியலில் உள்ள ஒவ்வொருவரும் அதன் உறுப்பினர். சட்டமன்றத்துக்கு நம் சார்பில் ஒருவரை அனுப்புகிறோம். கிராம சபையில் நாமே உறுப்பினர்.

குடியரசு நாள், மே நாள், சுதந்திர நாள், காந்தி பிறந்த நாள் ஆகிய நான்கு நாட்களில் கூடிவந்த கிராம சபை, உலகத் தண்ணீர் நாளான மார்ச் 22 இலும் உள்ளாட்சி நாளான நவம்பர் 1 இலும் கூட வேண்டும் என்று 2022 இல் அரசு அறிவித்தது. குறைந்த அளவு ஆட்கள் வராவிட்டால் கூட்டம் செல்லாது. 500 பேர் வரை உள்ள ஊராட்சியில் 50 பேர், 3,000 வரை 100 பேர், 10,000 வரை 200 பேர், அதற்கு மேல் 300 பேர் வர வேண்டும். இந்த எண்ணிக்கை தாளில் மட்டும் நிரப்பப்படுகிறதா, ஆட்கள் உண்மையில் வருகிறார்களா என்று பார்ப்பதே முதல் வேலை.

பல ஊர்களில் கிராம சபை எங்கே கூடுகிறது என்பதிலேயே சாதி ஒளிந்திருக்கும். ஒரு குறிப்பிட்ட தெருவின் கோவில் வாசலிலோ, தலித் மக்கள் போய் உட்காரத் தயங்கும் மண்டபத்திலோ கூட்டம் நடந்தால், அழைப்பு எல்லோருக்கும் போனாலும் ஆட்கள் எல்லோரும் வரமாட்டார்கள். எல்லோரும் தயக்கமின்றி வந்து உட்காரும் பொது இடத்தில் கூட்டம் நடக்க வேண்டும் என்று கேட்கலாம். சுழற்சி முறையில் சேரியிலும் நடத்தக் கேட்கலாம்.

மாணவர்களுக்கு இதில் பெரிய பங்கு இருக்கிறது. 18 வயது நிரம்பிப் பட்டியலில் பெயர் இருந்தால் கிராம சபையில் பேச உரிமை உண்டு. 21 வயது நிரம்பினால் ஊராட்சித் தேர்தலில் போட்டியிடலாம். அதற்கு முன்பே செய்யக்கூடிய வேலைகளும் உண்டு. கூட்டத்தில் வாசிக்கப்படும் வரவு செலவுக் கணக்கைக் கேட்டுக் குறித்துக்கொள்ளலாம். எந்தத் தெருவுக்கு எத்தனை விளக்கு, எத்தனை குழாய் என்று எண்ணிப் பார்க்கலாம். தீர்மானப் பதிவேட்டில் பேசியது பேசியபடி எழுதப்பட்டிருக்கிறதா என்று வாசித்துக் காட்டச் சொல்லலாம். எழுதப் படிக்கத் தெரியாத தலைவருக்குப் பக்கத்தில் உட்கார்ந்து ஒவ்வொரு தாளையும் படித்துச் சொல்லலாம். தகவல் கிடைக்கவில்லை என்றால், 2005 ஆம் ஆண்டின் தகவல் அறியும் உரிமைச் சட்டத்தின் கீழ் 10 ரூபாய் கட்டணத்துடன் மனுச் செய்து ஊராட்சியின் கணக்கை எழுத்தில் கேட்கலாம்.

இவற்றில் எதற்கும் பெரிய பணமோ பின்புலமோ தேவையில்லை. கல்லூரியில் படிக்கும் ஒரு பெண் நோட்டும் பேனாவுமாகக் கிராம சபையில் முன்வரிசையில் உட்கார்ந்தால், அன்று வாசிக்கப்படும் கணக்கு கொஞ்சம் கவனமாகவே வாசிக்கப்படும்.

ஒரு வாக்கு, ஒரு மதிப்பு

1949 நவம்பர் 25 அன்று அரசமைப்பு அவையில் ஆற்றிய நிறைவுரையில் அம்பேத்கர் ஒரு முரண்பாட்டைச் சுட்டிக்காட்டினார். 1950 ஜனவரி 26 முதல் அரசியலில் ஒவ்வொருவருக்கும் ஒரு வாக்கு, ஒவ்வொரு வாக்குக்கும் ஒரே மதிப்பு என்று ஏற்றுக்கொள்கிறோம். சமூகத்திலும் பொருளாதாரத்திலும் ஒவ்வொரு மனிதருக்கும் ஒரே மதிப்பு என்பதைத் தொடர்ந்து மறுத்து வருகிறோம். இந்த முரண்பாட்டை விரைவில் நீக்காவிட்டால், சமத்துவமின்மையால் வதைபடுகிறவர்கள் இந்த அரசியல் ஜனநாயகத்தின் கட்டமைப்பையே தகர்த்துவிடுவார்கள் என்று எச்சரித்தார்.

தெற்குத்திட்டையில் தரையில் உட்கார்ந்த தலைவரின் படம் அந்த எச்சரிக்கையின் படம். அந்தத் தேர்தலில் அவருக்கு விழுந்த வாக்கும் மற்றவர்களுக்கு விழுந்த வாக்கும் ஒரே மதிப்புடையவை. வாக்கு எண்ணும் மேசையில் இருந்த சமத்துவம், கூட்டம் நடக்கும் அறைக்குள் நுழைந்ததும் காணாமல் போனது.

தமிழ்நாட்டில் 12,525 கிராம ஊராட்சிகள் இருந்தன என்று அந்தத் தேர்தல் காலத்துக் கணக்கு சொல்கிறது. அத்தனையிலும் ஒரு தலைவர் நாற்காலி இருக்கிறது. சுழற்சி முறையால் அந்த நாற்காலி ஊர் ஊராக நகர்ந்துகொண்டே இருக்கும். உங்கள் ஊருக்கு முறை ஏற்கெனவே வந்திருக்கலாம், அல்லது அடுத்த தேர்தலில் வரலாம். அன்று தலைவராகப் போகிறவர் நூறு நாள் வேலைக்குப் போன ஒரு அக்காவாக இருக்கலாம், படித்துவிட்டு வேலை தேடும் ஒரு தம்பியாகவும் இருக்கலாம்.

அடுத்த கிராம சபை நாளில் உங்கள் ஊராட்சி அலுவலகத்துக்குப் போய்ப் பாருங்கள். தலைவர் எங்கே உட்கார்ந்திருக்கிறார், அலுவலகச் சாவி யாரிடம் இருக்கிறது, பதிவேட்டை யார் எழுதுகிறார், காசோலை எத்தனை நாளாகக் கையெழுத்துக்குக் காத்திருக்கிறது என்று கேளுங்கள். பதில் சரியில்லை என்றால், அதையே அன்றைய கூட்டத்தின் முதல் கேள்வியாக எழுப்புங்கள். கேட்டதைத் தீர்மானப் பதிவேட்டில் எழுதச் சொல்லுங்கள். எழுதியதை வாசிக்கக் கேட்டுவிட்டு எழுந்து வாருங்கள்.